ஆறடி மூன்று அங்குலத் தம்பியும் வெளிநாட்டுக் கூடைப்பந்தும்

மஸ்கெலியாப் பக்கத் தோட்டம் ஒன்றிலிருந்து ஓர் அக்கா கேட்டிருக்கிறார். தம்பிக்குப் பதினாறு வயது. ஆறடி மூன்று அங்குலம். பாடசாலைக் கூடைப்பந்தாட்ட அணியில் சென்டர், அதாவது கூடைக்குக் கீழே நிற்கும் உயரமான ஆள். “இதையே தொழிலாக எடுத்து இங்கேயும் வெளிநாட்டிலும் ஆட முடியுமா? கொழும்பில் ஒருவர் ஐந்து லட்சம் கட்டினால் வெளிநாட்டுக் கழகத்தில் ஒப்பந்தம் எடுத்துத் தருகிறேன் என்கிறார். கட்டலாமா?”

கடைசிக் கேள்விக்கு முதலில் பதில். கட்ட வேண்டாம். அந்த மனிதரை எனக்குத் தெரியாது, அவரைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை. ஆனால் அவர் தருவதாகச் சொல்லும் பொருள் கடையில் இல்லாத பொருள். உலகக் கூடைப்பந்தாட்டத்தை நடத்துவது ஃபிபா (உதைபந்தாட்டத்தின் ஃபிஃபா வேறு, குழப்பிக்கொள்ள வேண்டாம்). ஒரு நாட்டின் சம்மேளனத்திலிருந்து இன்னொரு நாட்டுக் கழகத்துக்கு ஆட்டக்காரர் போக வேண்டுமானால், பழைய நாட்டுச் சம்மேளனம் ஒரு விடுவிப்புக் கடிதம் தர வேண்டும். பதினெட்டு வயது நிரம்பாத பிள்ளைக்கு அந்த மாற்றமே கிடையாது, பெற்றோர் வேறு காரணத்துக்காகக் குடிபெயர்வது போன்ற சில விசேட சந்தர்ப்பங்களைத் தவிர. அடுத்தது பணம். ஃபிபா அனுமதிப்பத்திரம் உள்ள முகவர் தன் கூலியை ஒப்பந்தத் தொகையிலிருந்துதான் எடுப்பார். அதுவும் பத்து வீதத்துக்கு மேல் கூடாது. ஆட்டக்காரனுக்குச் சம்பளம் வந்த பிறகுதான் முகவருக்கு வருமானம். பதினாறு வயதுப் பிள்ளையிடம் முன்பணம் கேட்கிறவர் வேறு ஏதோ தொழில் செய்கிறார்.

சரி, இனி பெரிய கேள்வி.

நான் தலவாக்கலைப் பக்கம் ஒரு தோட்டத்தில் வளர்ந்தவன். கொழுந்து நிறுக்கும் மடுவத்தின் இரும்புத் தூணில் யாரோ பழைய பீப்பாய் வளையம் ஒன்றைக் கட்டியிருந்தார்கள், அதுதான் என் முதல் கூடை. பின்னர் கொழும்பில் ஒரு நிறுவன அணிக்கு ஏழு வருடம் ஆடினேன். காலையில் கிளார்க், மாலையில் ஃபார்வர்ட். இப்போது ஹட்டனில் சனிக்கிழமை காலைகளில் பிள்ளைகளுக்குப் பழக்குகிறேன். எட்ட இருந்து பார்த்ததையும் கிட்ட நின்று பட்டதையும் சேர்த்துத்தான் எழுதுகிறேன்.

இலங்கையில் கூடைப்பந்தாட்டம் ஆடியே வயிறு வளர்க்கும் தொழில்முறை லீக் இல்லை. இங்கே ஆட்டக்காரனுக்குச் சம்பளம் கொடுப்பது வேலை: இராணுவம், கடற்படை, விமானப்படை, பொலிஸ், அல்லது வணிகப் போட்டிகளில் அணி இறக்கும் வங்கிகளும் நிறுவனங்களும். உங்களை எடுப்பது பந்துக்காக, பதிவேட்டில் எழுதுவது வேறு பதவிக்காக. இதைக் கேட்டு முகம் சுளிக்கத் தேவையில்லை. இந்தியாவிலும் இதே கதைதான். இந்திய மகளிர் அணித் தலைவியாக இருந்த கீத்து அன்னா ஜோஸ் சென்னையில் தெற்கு ரயில்வே ஊழியர். அங்கிருந்துதான் 2006இலிருந்து மெல்பனின் ரிங்வுட் அணிக்கு ஆடப் போனார், 2011இல் அமெரிக்க மகளிர் லீக் அணிகளின் தேர்வுக்கும் அழைக்கப்பட்டார். ஆண்கள் அணித் தலைவராக இருந்த விசேஷ் பிருகுவன்ஷிக்கு எண்ணெய் எரிவாயு நிறுவனத்தில் வேலை. அவரைத்தான் 2017இல் அவுஸ்திரேலியாவின் அடிலெய்ட் அணி ஒப்பந்தம் செய்தது, இந்தியர் ஒருவருக்கு அந்த லீக்கில் அதுவே முதல் ஒப்பந்தம். இருவரும் வீட்டில் அடுப்பு எரிந்துகொண்டிருக்கும்போதுதான் வெளியே போய்ப் பார்த்தார்கள். தோட்டத்துப் பிள்ளைக்கு இது சின்ன விசயமில்லை.

இப்போது வெளிநாடு. இங்கேதான் எல்லோரும் ஒரு கணக்கைத் தவறாகப் போடுகிறார்கள். ‘நான் எவ்வளவு நன்றாக ஆடுகிறேன்’ என்று கேட்கிறார்கள். வெளிநாட்டுக் கழகம் கேட்பது வேறு: ‘இவனுக்காக எங்கள் ஊர்ப் பையன் யாரை வெளியே உட்கார வைப்பது?’

ஏறக்குறைய எல்லா லீக்கிலும் வெளிநாட்டவருக்கு இடம் எண்ணித்தான். பிலிப்பைன்ஸில் 1975இலிருந்து நடக்கும் லீக்தான் ஆசியாவின் மூத்த தொழில்முறை லீக். அங்கே வருடத்தின் பெரிய கிண்ணத்தில் வெளிநாட்டவருக்கு இடமே இல்லை. மற்றக் கிண்ணங்களில் அணிக்கு ஒருவர் என்பதுதான் வழமை, அந்த ஒருவரின் உயரத்துக்கும் வரம்பு வைப்பார்கள். ஆளை அளந்து பார்த்துவிட்டுத்தான் இறக்குவார்கள்! அவரை ‘இம்போர்ட்’ என்றே கூப்பிடுகிறார்கள், கொள்கலனில் வந்த சாமான் மாதிரி. சாமான் சரியில்லையென்றால் திருப்பி அனுப்புவதும் அதே வேகம்தான். மூன்று ஆட்டம் மோசமாக ஆடினால் நான்காவது ஆட்டத்துக்கு வேறொருவர் விமானம் ஏறியிருப்பார். ஜப்பான் லீக் 2020இல் ஆசிய நாட்டவருக்கென்று தனி இடம் ஒன்றைத் திறந்தது, பிலிப்பைன்ஸ் பையன்கள் பலருக்கு அதில் வாழ்வு வந்தது. திறந்தபோது நாடுகளைப் பெயர் சொல்லித்தான் திறந்தார்கள்: சீனா, தென்கொரியா, தைவான், பிலிப்பைன்ஸ், இந்தோனேசியா. நம் பெயர் இல்லை.

அந்த ஒன்றிரண்டு இடத்துக்கும் அமெரிக்கக் கல்லூரிகளில் ஆடி முடித்து, அந்நாட்டு முதன்மை லீக்கான என்பிஏயில் இடம் கிடைக்காதவர்கள் வரிசையில் நிற்கிறார்கள். அந்த வரிசையில் உங்கள் தம்பி எங்கே நிற்பான் என்பதைத்தான் யோசிக்க வேண்டும். அதற்கு அவனுடைய உயரத்தைப் பற்றி ஒரு கசப்பான விசயம் சொல்ல வேண்டியிருக்கிறது.

என் இருபத்து மூன்றாவது வயதில் கொழும்பில் ஒரு நட்புப் போட்டி. எதிரே ஒரு வெளிநாட்டுப் பல்கலைக்கழக அணி. எங்கள் சென்டர் ஆறடி நான்கு அங்குலம். பொலிஸ் அணியே அவரைக் கண்டால் ஒதுங்கும். பயிற்சிக்கு அவர்கள் மைதானத்தில் இறங்கியபோது பந்தைத் தட்டிக்கொண்டு முன்னால் வந்த பொயின்ட் கார்ட் எங்கள் சென்டருக்குச் சமமான உயரம். பின்னால் வந்தவர்களை அண்ணாந்து பார்த்தோம். முதல் நிமிடமே எங்கள் ஆள் வழமைபோல முதுகைக் காட்டிக் கூடைக்குக் கீழே இடம் பிடித்தார். பந்து வந்தது, திரும்பினார், எறிந்தார். பந்து கையை விட்டுப் போகும்போதே ஓர் உள்ளங்கை அதை அமுக்கியது. தட்டிவிடவில்லை, அமுக்கியது. வீட்டில் குழந்தையின் தலையை அமுக்குவது மாதிரி. அந்த ஆட்டம் முழுக்க அவர் அதன் பிறகு நான்கு முறைதான் எறிந்தார். ஆட்டம் முடிந்து பஸ்ஸில் வரும்போது ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டு, “மச்சான், நான் இவ்வளவு நாளும் தப்பான இடத்தில நின்னுருக்கேன்” என்றார்.

அதுதான் விசயம். ஆறடி மூன்று அங்குலம் மஸ்கெலியாவில் சென்டர். மணிலாவில், மெல்பனில், பெல்கிரேடில் அது கார்ட், வெளியே நின்று பந்தை நடத்திக்கொண்டு போகும் ஆள். இங்கே உயரமான பிள்ளையைக் கூடைக்குக் கீழே நிறுத்திவிடுகிறோம். மேலே வரும் பந்தைப் பிடி, அப்படியே போடு, அவ்வளவுதான் அவன் கற்பது. பாடசாலை வெல்லும், கோச்சுக்குப் பெயர் வரும். பையனுக்கு இருபது வயதாகும்போது இடக்கையால் பந்து தட்டத் தெரியாது, 6.75 மீட்டரிலுள்ள மூன்று புள்ளிக் கோட்டுக்கு வெளியிலிருந்து எறியத் தெரியாது, நெருக்கும் ஆளைத் தாண்டிப் பந்தைக் கொண்டுபோகத் தெரியாது. வெளிநாட்டுக் கழகத்துக்கு அவன் உயரம் குறைந்த சென்டர். அதைவிடப் பயனற்ற சரக்கு கூடைப்பந்தாட்டத்தில் இல்லை. நான் கடுமையாகச் சொல்கிறேன் என்று தெரிகிறது, ஆனால் இதைப் பதினாறு வயதில் யாராவது சொன்னால் திருத்த நேரம் இருக்கிறது.

உயரம் நிஜமாகவே இருந்தவருக்கும் இந்தச் சிக்கல் வந்திருக்கிறது. பஞ்சாபின் பல்லோ கே கிராமத்து விவசாயி மகன் சத்னாம் சிங். ஏழடி இரண்டு அங்குலம். லூதியானா அகடமியில் பழகி, 2010இல், பதினான்கு வயதில், உதவித்தொகை பெற்றுப் புளோரிடா போனார். என்பிஏ அணிகள் வருடாவருடம் புதிய ஆட்டக்காரர்களை வரிசையாகத் தெரிவு செய்யும்; 2015இல் அதில் டல்லாஸ் மேவரிக்ஸ் அவரை 52ஆவது தெரிவாக எடுத்தது. என்பிஏ தெரிவில் எடுக்கப்பட்ட முதல் இந்தியர், பத்திரிகையெல்லாம் அவர்தான். ஆனால் முதன்மை லீக்கில் ஓர் ஆட்டம்கூட ஆடவில்லை. கீழ் லீக்கில் டெக்சஸ் அணிக்கு ஆடினார், கனடாவில் ஆடினார், ஊக்கமருந்துச் சோதனையில் சிக்கி இரண்டு வருடத் தடை வாங்கினார், பிறகு அமெரிக்காவில் தொழில்முறை மல்யுத்த மேடைக்குப் போனார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். அவர் வளர்ந்துகொண்டிருந்த அதே வருடங்களில் ஆட்டம் மாறிவிட்டது. கூடைக்குக் கீழே நிற்கும் மெதுவான பெரிய ஆளைவிட, வெளியே வந்து எறியும், ஓடும், பந்து கொடுக்கும் பெரிய ஆள் தேவைப்பட்டார். அதே காலத்தில் செர்பியாவிலிருந்து ஒரு குண்டுப் பையனை 2014இல் 41ஆவது தெரிவாக எடுத்தார்கள், தொலைக்காட்சியில் அந்த நேரம் விளம்பரம் ஓடிக்கொண்டிருந்தது. அவர்தான் நிகோலா யோகிச். மூன்று முறை என்பிஏயின் சிறந்த ஆட்டக்காரர். அவரும் சென்டர்தான். ஆனால் பந்து கொடுப்பதில் கார்டுகளே அவரிடம் பாடம் படிக்க வேண்டும்.

அப்புறம் பத்திரங்கள். இதைப் பற்றி யாரும் பேச மாட்டார்கள், எனக்கோ இதில்தான் வயிற்றெரிச்சல்.

என்பிஏ நட்சத்திரம் யானிஸ் அன்டெடோகூன்போவைத் தம்பிக்குத் தெரிந்திருக்கும், சுவரில் படமே ஒட்டியிருப்பான். பிறந்தது ஏதென்ஸ். பெற்றோர் நைஜீரியாவிலிருந்து வந்தவர்கள். கிரேக்கத்தில் பிறந்தும் பதினெட்டு வயதுவரை எந்த நாட்டுப் பிரஜையும் இல்லை. தெருவில் கைக்கடிகாரமும் கறுப்புக் கண்ணாடியும் விற்றபடி இரண்டாம் பிரிவுக் கழகம் ஒன்றுக்கு ஆடினார். 2013 மே மாதம்தான் பிரஜாவுரிமை கிடைத்தது, ஜூனில் மில்வாக்கி அவரை 15ஆவது தெரிவாக எடுத்தது. ஒரு மாத இடைவெளி! 2021 இறுதிப் போட்டித் தொடரின் கடைசி ஆட்டத்தில் 50 புள்ளி போட்டுக் கிண்ணத்தை வாங்கிக் கொடுத்தார். இதெல்லாம் எல்லோரும் சொல்லும் கதை. எனக்குப் பிடித்த இடம் அவருடைய பெயர். யொருபா மொழிப் பெயரைக் கிரேக்க எழுத்தில் எழுதி, அதைத் திரும்ப ஆங்கில எழுத்துக்கு எழுத்தாக மாற்றியபோது பெயர் உருத்தெரியாமல் போய்விட்டது. கடவுச்சீட்டில் விழுந்த அந்த எழுத்துக்கூட்டலோடுதான் அவர் உலகப் புகழ் பெற்றார்.

1948இல் ஒரு சட்டத்தால் நாடற்றவர்களான மலையகத் தோட்டத்து ஆட்களின் பேரப்பிள்ளைகள் நாம். 2003இல் வந்த சட்டத்தோடுதான் அந்தக் கணக்கு ஏறத்தாழ முடிந்தது. பிரஜாவுரிமை முடிந்தாலும் எழுத்துக்கூட்டல் முடியவில்லை. தோட்டத்தில் பிறப்பைப் பதிந்தவர் கேட்டதை எழுதினார், அதைச் சிங்களத்தில் ஒருவர் எழுதினார், ஆங்கிலத்தில் இன்னொருவர். என் பிறப்பத்தாட்சிப் பத்திரத்தில் அப்பாவின் பெயர் ஒரு மாதிரி, பாடசாலை இடாப்பில் ஒரு மாதிரி, அடையாள அட்டையில் மூன்றாவது மாதிரி. பத்தொன்பது வயதில் ஓர் அணியோடு இந்தியா போகப் பெயர் வந்தது. கடவுச்சீட்டுக்குப் போனேன். பத்திரங்கள் பொருந்தவில்லை, திருத்திக்கொண்டு வா என்றார்கள். ஓர் அலுவலகத்திலிருந்து இன்னொன்றுக்கு ஆறு வாரம் அலைந்தேன். திருத்தம் கையில் கிடைத்த நாளன்று அணி சுற்றுப்பயணம் முடித்துத் திரும்பி வந்துகொண்டிருந்தது. எனக்கு வாங்கிய ஜேர்சி மட்டும் வந்து சேர்ந்தது, இலக்கம் 11, இன்னும் பெட்டியில் இருக்கிறது.

ஆகவே ஐந்து லட்சம் வேண்டாம், ஒரு நாள் லீவு போட்டுவிட்டுப் பிரதேச செயலகத்துக்குப் போங்கள். தம்பியின் பிறப்பத்தாட்சிப் பத்திரம், அடையாள அட்டை, அம்மா அப்பாவின் பத்திரங்கள் எல்லாவற்றையும் மேசையில் பரப்பி எழுத்துக்கு எழுத்து பாருங்கள். பிறந்த திகதியையும் பாருங்கள். வயதெல்லைப் போட்டிகளில் முதலில் சந்தேகப்படுவது உயரமான பிள்ளையின் திகதியைத்தான்.

என்றாவது ஒப்பந்தம் வந்தால் பார்க்க வேண்டிய ஓரிரண்டை இப்போதே சொல்லிவிடுகிறேன். சம்பளம் வரி கழித்தா கழிக்காமலா, வீடு யார் பொறுப்பு, போய்வரும் விமானச் சீட்டு எத்தனை, காயப்பட்டால் மருத்துவச் செலவும் சம்பளமும் தொடருமா. இவற்றோடு, பிணக்கு வந்தால் ஜெனீவாவிலுள்ள கூடைப்பந்தாட்ட நடுவர் மன்றத்துக்குப் போகலாம் என்ற வரி இருக்கிறதா என்று பாருங்கள். 2007இல் ஃபிபா தொடங்கியது அது, கழகம் சம்பளம் கொடுக்காமல் இழுத்தடிக்கும்போது ஆட்டக்காரர்கள் தட்டும் கதவு. அந்த வரி இல்லாத ஒப்பந்தத்தோடு வெளிநாட்டில் மாட்டினால் அந்த நாட்டு நீதிமன்றத்தில், அந்த நாட்டு மொழியில் மல்லுக்கட்ட வேண்டும்.

உடம்பு. 2016 சுகாதார ஆய்வில் தோட்டத்துறையில் ஐந்து வயதுக்குட்பட்ட பிள்ளைகளில் ஏறத்தாழ மூன்றில் ஒருவர் வயதுக்கேற்ற உயரமில்லாதவர்கள். அப்படிப்பட்ட இடத்தில் ஒரு பிள்ளை ஆறடி மூன்றுக்கு வளர்ந்திருக்கிறான் என்றால் யாரோ வீட்டில் தன் பங்கைக் குறைத்து அவனுக்கு ஊட்டியிருக்கிறார்கள். யார் என்று உங்களுக்குத் தெரியும். ரொட்டியும் சம்பலும் மட்டும் போதாது. முட்டை, பருப்பு, நெத்தலி, பால், முடிந்த அளவு. அடுத்தது சப்பாத்து. நல்ல சோடி ஒன்று அம்மாவின் சம்பளத்தில் பெரும் பங்கை விழுங்கும், நாட்சம்பளத்தில் கணக்குப் போட்டுப் பாருங்கள். ஆனால் பழைய வழுக்கும் அடியோடு, மழை பெய்து ஊறிய சீமெந்துத் தரையில் அவனை ஆடவிட வேண்டாம். முழங்கால் ஒரு தடவை திரும்பினால் இங்கே திருத்த நீண்ட நாள் ஆகும். ஹட்டனில் மழை நாளில் நான் பிள்ளைகளை ஓடவிடுவதில்லை, சுவரோரம் நிறுத்திப் பந்து தட்ட வைக்கிறேன்.

“நம்ம ஆட்கள் யாராவது போயிருக்கிறார்களா” என்று தம்பி கேட்பான். கூடைப்பந்தாட்டத்தில் பெயர் சொல்ல எனக்கு ஆளில்லை. வலைப்பந்தாட்டத்தில் இருக்கிறார், யாழ்ப்பாணத்துத் தர்ஜினி சிவலிங்கம். ஆறடி பத்து அங்குலம். இங்கே ஒரு வங்கி அணிக்கு ஆடினார், மெல்பனில் கழகத்துக்கு ஆடினார். 2019 லிவர்பூல் உலகக் கிண்ணத்தில் அணி பின்வரிசையில்தான் முடித்தது, ஆனால் தொடரிலேயே அதிகக் கோல் அவருடையது. அவர் விசயத்தில் உயரம் மட்டுமே போதும் என்று நினைக்கிறவர்கள் அவர் கையை விட்டுப் பந்து போகும் விதத்தை மெதுவாக ஓட்டிப் பார்க்கட்டும்.

தம்பி இப்போது செய்ய வேண்டியது. கோச் பாடசாலை ஆட்டத்தில் அவனைச் சென்டராகவே நிறுத்துவார், அதில் சண்டை வேண்டாம். பயிற்சி நேரத்தில் அரை மணி நேரம் கார்டுகளோடு பழக விடுங்கள் என்று மட்டும் கேளுங்கள். காலையில் பாடசாலைக்கு நடக்கும்போது இடக்கையால் பந்து தட்டிக்கொண்டு போகட்டும். ஏற்றத்தில் தட்டினால் இன்னும் நல்லது, பந்து கீழே உருண்டால் ஓடிப் பிடிக்கிற கஷ்டத்திலேயே கை பழகிவிடும். முழு அணி சேராத நாட்களில் மூன்றுக்கு மூன்று ஆடட்டும். ஒரு வளையம், ஆறு பேர், பத்து நிமிடம், 21 புள்ளி. 2020 டோக்கியோ ஒலிம்பிக்கிலிருந்து அது பதக்க ஆட்டம். 2022 பர்மிங்காம் பொதுநலவாய விளையாட்டில் இலங்கையும் ஆடியது. ஐந்து பேர் ஆட்டத்தைவிட அதில் நமக்கு இடம் கிட்ட இருக்கிறது என்பது என் எண்ணம், ஏனென்றால் அங்கே எல்லோரும் எல்லாம் செய்ய வேண்டும், ஒளிந்து நிற்க முடியாது. யாரிடமாவது போனைக் கொடுத்து அவன் ஆடும் முழு ஆட்டத்தையும் பிடிக்கச் சொல்லுங்கள். அழகான கூடைகளை மட்டும் வெட்டி ஒட்டிப் பாட்டுப் போட்ட வீடியோவைத் தேர்வாளர்கள் பார்ப்பதில்லை. பந்து தவறிய பிறகு அவன் திரும்பி ஓடினானா என்றுதான் பார்ப்பார்கள்.

உயர்தரத்தை விட வேண்டாம். தேசிய மட்டத்தில் விளையாடிய பிள்ளைகளுக்குப் பல்கலைக்கழகத்தில் விசேட அனுமதி இருக்கிறது, ஆனால் உயர்தரம் சித்தியடைந்தால்தான். ஆங்கிலமும் வேண்டும். இருபது விநாடியில் கோச் பலகையில் கிறுக்கிச் சொல்வதைப் புரிந்துகொள்ள எந்தத் திறமையும் உதவாது, காதுதான் உதவும்.

ஒரு வேலை மட்டும் இந்த வாரமே செய்து எனக்கு அனுப்புங்கள். மடுவத்துச் சுவரையோ வீட்டுச் சுவரையோ ஒட்டி அவனை வெறுங்காலோடு நிற்க வையுங்கள். பாதம் முழுக்கத் தரையில் இருக்க வேண்டும். ஒரு கையைச் சோக்குக் கட்டியோடு நேராக உயர்த்தி எட்டும் இடத்தில் கோடு போடட்டும். பிறகு நின்ற இடத்திலிருந்தே துள்ளி இன்னொரு கோடு. தரையிலிருந்து இரண்டு கோட்டுக்கும் எத்தனை சென்டிமீட்டர் என்று அளந்து எழுதுங்கள். கூடையின் வளையம் 305இல் இருக்கிறது. அவன் தலை எங்கே இருக்கிறது என்பதைவிட அந்த இரண்டு கோடும் எங்கே இருக்கின்றன என்று எனக்குத் தெரிய வேண்டும்.